பிழிந்த நீர்

டெப்ரெட்சென் நகரில் முப்பத்தொன்பது டிகிரி.
இரண்டாம் எண் டிராமில் என் கூண்டுக்குள்
நாற்பத்தாறு.
வேலை முடிந்து படியேறியபோது
சட்டை என் முதுகைப் பிடித்துக்கொண்டு
மூன்று மாடியும் கூடவே வந்தது.

இன்று அடுப்பைப் பற்றவைப்பவர்
வீட்டைவிட்டு வெளியேற வேண்டும்.
வாடகையைப் பங்கிடும் நாங்கள் இருவரும்
காலையிலேயே பேசி முடித்திருந்தோம்.

அவிஷாய் மருத்துவம் படிக்கிறான்.
பீர்ஷெபாவிலிருந்து வந்தவன்.
ஜூலையில் உடற்கூறியலில் தோற்றுப்போனான்.
மாதக் கடைசியில் மறுதேர்வு.
அதுவரை கையில் கிடைப்பதையெல்லாம்
அறுத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

வெள்ளரி நான்கு. கத்தி ஒன்று.
சண்டைக்கு அது போதும்.

அவன் ஊரில் பொடியாக நறுக்குவார்களாம்.
எவ்வளவு பொடியாக?
சுண்டுவிரல் நகத்தைக் காட்டினான்,
பிறகு அதில் பாதியை.
எங்கள் வீட்டில் வெள்ளரி என்றால் வில்லை.
அதை நாளிதழ்மேல் வைத்தால்
இரங்கல் செய்தியைப் படிக்க முடியவேண்டும்.
அவனுக்கு உப்பு கடைசியில், தட்டில் விழும் நேரத்தில்.
எனக்கு உப்புதான் முதலில்,
அரைமணி நேரம், மேலே ஒரு தட்டு, தட்டின்மேல் பாரம்.
அவனுக்கு எலுமிச்சை.
எனக்கு வினிகரும் ஒரு கரண்டிச் சர்க்கரையும்.
"சர்க்கரையா?" என்றான்,
பிணத்துக்கு நான் உதட்டுச்சாயம் பூசியதுபோல.

ஆளுக்கு இரண்டு என்று பிரித்துக்கொண்டோம்.
பாரத்துக்கு அவனுடைய பாடநூல்,
இரண்டாம் தொகுதி, வயிறும் குடலும்.
அவ்வளவு கனமான எதுவும் என்னிடம் இல்லை.

வெங்காயம் என் பங்கு.
இரண்டாவது அரிவதற்குள் கண் ஊற்றியது.
தட்டுத்தடுமாறாமல் அவனுக்கு வரும்
ஹங்கேரிய வாக்கியம் ஒன்றே ஒன்று,
வார்டில் கிழவர்களிடம் கேட்பது.
அதைக் கேட்டான்:
"எங்கே வலிக்கிறது?"

"முழங்கால்" என்றேன். "பிரேக் மிதித்து மிதித்து."

பொய்யில்லை.
செவ்வாய்க்கிழமை ரயில் நிலையத்தின் எதிரே
பந்தைத் துரத்திக்கொண்டு ஒரு சிறுமி
தண்டவாளத்துக்கு வந்துவிட்டாள்.
டிராம் நின்றது. ஒரு முழம் மிச்சம்.
பந்துகூடப் பிழைத்தது.
நான்தான் இன்னும் நின்று முடிக்கவில்லை.

இதை அவனிடம் சொல்லவில்லை.
அவன் எள் விழுதோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தான்.
எலுமிச்சை விழுந்ததும் அது
சிமெண்ட்போல் இறுகிக் கரண்டியைப் பிடித்துக்கொண்டது.
குளிர்ந்த நீர் வேண்டுமாம்.
குழாயிலோ வெந்நீர்.

நான் தொட்டியருகே நின்று
வில்லைகளை ஒரு பிடி அள்ளிப் பிழிந்தேன்.
"பொரோக்கா, கொட்டாதே!"
நிஜமாகவே கத்தினான்.
பாலைவனத்து ஊர்க்காரன்,
காப்பிக் கோப்பையோடு ஓடிவந்து
என் முட்டியின் கீழே பிடித்தான்.
வெளிர்பச்சை நீர், உப்பு நீர்,
புல்தரை வெட்டிய மறுநாள் வாசனை.
கரண்டி கரண்டியாக ஊற்றிக் கலக்கினான்.
பழுப்பு வெளுத்தது. இளகியது.
தன் தேர்வு முடிவைப் பார்ப்பதுபோல
இருவிதமாய் முகத்தை வைத்துக்கொண்டு
நக்கிப் பார்த்தான்.
ஒன்றும் சொல்லாமல் என்னிடம் கரண்டியை நீட்டினான்.

அப்புறம் எல்லாம் ஒரே பேசினில்.
அவனுடைய துணுக்குத் தக்காளி, பார்ஸ்லி,
சந்தையில் வாங்கிய மெழுகு நிற மிளகாய்,
என் வில்லைகள், சோயிக்கீரை.
அவன் திரும்பிய நேரம் பார்த்து
ஒரு கரண்டி புளித்த பாலேடு.
மேலே அவன் சுமாக் தூவினான்,
நான் பாப்ரிகா தூவினேன்.
இரண்டும் சிவப்பு. ஒன்று புளிக்கும், ஒன்று இனிக்கும்.
பால்கனி விளக்கு எரியாததால்
எது எங்கே விழுந்ததென்று
நாக்குக்குத்தான் தெரிந்தது.

என் வில்லைகள் அவன் முள்கரண்டியில் வழுக்கின.
அவன் துணுக்குகள் என்னுடையதில் நிற்கவில்லை.
கரண்டி எடுக்க அவன் உள்ளே போனான்.
கீழே வளைவில் கடைசி டிராம் கீச்சிட்டது.
ஓட்டுவது பெர்தலான்,
பிரேக்கை எப்போதும் தாமதமாகத்தான் தொடுவான்.
"முழங்கால் மட்டுமில்லை" என்றேன்.
சமையலறையில் குழாய் ஓடிக்கொண்டிருந்தது.
கேட்டிருக்குமா, தெரியாது.

இரண்டு கரண்டிகளோடு வந்தான்.
கக்கத்தில் ஒரு ரொட்டி,
பேசினின் அடியில் தேங்கிய சாற்றுக்கு.
அதைக் கொட்டக்கூடாதாம்.